மூன்று ஊருக்கும் பொதுவான கடல்

மூன்று ஊர்கள் தோளோடு தோள் ஒட்டிக்கொண்டு இருந்தால் அவற்றுக்குள் சண்டை வரும் என்பதை ஒப்புக்கொள்கிறேன். அந்தச் சண்டையைத் தீர்க்க ஓர் அலுவலகம் வேண்டும் என்பதைத்தான் என்னால் இன்றுவரை ஜீரணிக்க முடியவில்லை.

கதான்ஸ்க்காரனுக்கு ஆயிரம் வருடப் பெருமை. சோப்போட்காரனைக் கேட்டால், அவன் ஊர் மணலில் படுத்துப் புரளாதவன் விடுமுறைக்கே போனவன் இல்லை. கிதீனியா நேற்று முளைத்த ஊர், நூறு வயதுதான் ஆகிறது, ஆனால் பெரிய கப்பல்கள் வந்து நிற்பதால் அதற்குக் கொஞ்சம் திமிர் உண்டு. வெளியூர்க்காரர்களுக்கு இந்தக் கதையெல்லாம் தெரியாது. அவர்கள் என்னைப் போன்ற தனியார் வழிகாட்டி ஒருவனைக் காரோடு அமர்த்திக்கொண்டு, காலையில் ஒன்று, மதியம் ஒன்று, மாலையில் ஒன்று என்று மூன்று ஊரையும் ஒரே நாளில் பார்த்துவிட்டு, வறுத்த மீன் சாப்பிட்டுவிட்டு ஊருக்குப் போய்விடுவார்கள். பதினான்கு வருடம் இந்தத் தொழில் இப்படித்தான் நடந்தது. என் பெயர் புரூனோன். என்மேல் ஒரு புகாரும் இருந்ததில்லை.

பிறகுதான் முந்நகரச் சமநிலை அலுவலகம் வந்தது. பயணிகள் எந்த ஊரில் அதிக நேரம் நிற்கிறார்கள் என்று மூன்று ஊர்ப் பெரிய மனிதர்கள் ஏதோ ஒரு விருந்தில் வாய்த்தகராறு செய்துகொண்டதாகவும், அதன் விளைவுதான் இது என்றும் சொல்வார்கள். விதி எளிமையானது. தனியார் சுற்றுலா எதுவானாலும் மூன்று ஊருக்கும் தலா இரண்டு மணி நேரம். ஒரு நிமிடம் கூடக்கூடாது, குறையக்கூடாது. ஒவ்வோர் ஊரிலும் உள்ளே வர ஒரு முத்திரை, வெளியே போக ஒரு முத்திரை. கடல் மட்டும் தனி. அது மூன்று ஊருக்கும் பொதுச் சொத்து என்பதால், ஆறு முத்திரையும் விழுந்த பிறகு, கடைசிக் கட்டமாக, அதிகாரியின் முன்னிலையில்தான் பார்க்க வேண்டும். மீறினால் வழிகாட்டியின் உரிமம் போய்விடும்.

அந்த ஜூன் வெள்ளிக்கிழமை எனக்கு வாய்த்தவர்கள் பித்தோமிலிருந்து வந்த ஒரு தம்பதி. தேயோதோர், கெர்த்ரூடா. ராத்திரி முழுக்க ரயிலில் வந்திருந்தார்கள். தேயோதோர் நிலக்கரிச் சுரங்கத்தில் மேஸ்திரியாக இருந்து ஓய்வு பெற்றவர். கழுத்துவரை பொத்தான் போட்ட கோட்டில், ஐம்பது வருடம் சேர்ந்து வாழ்ந்ததற்காக அரசாங்கம் கொடுத்த பதக்கத்தைக் குத்தியிருந்தார். கெர்த்ரூடா தன்னுடையதைக் குத்தவில்லை.

"அவரு பதக்கம் வாங்கற மாதிரி என்ன செஞ்சாருன்னு எனக்கு இன்னும் புரியல. கூட இருந்தது நானு" என்றார் காரில் ஏறியதும்.

இந்தச் சுற்றுலா பிள்ளைகள் கொடுத்த பரிசு. இருவரும் இதுவரை கடலைப் பார்த்ததில்லை. கல்யாணமான வருடம் சுரங்கத்தில் கடற்கரை விடுதிக்கு இரண்டு வாரச் சீட்டுக் கொடுத்தார்களாம். ஷிஃப்டுக்கு ஆள் குறைகிறது, அடுத்த வருடம் போய்க்கொள் என்று மேலாளர் ஒரு தாளை நீட்ட, தேயோதோர் கையெழுத்துப் போட்டுவிட்டாராம்.

"அந்த அடுத்த வருஷம் இன்னைக்குத்தான் வந்திருக்கு" என்றார் கெர்த்ரூடா. "எனக்கு உங்க கோட்டை, கோயிலு எதுவும் வேணாம் தம்பி. முழங்கால் வரைக்கும் கடல்ல நிக்கணும். நானும் இவரும், ஒண்ணா. அஞ்சு நிமிஷம் போதும்."

"சாயங்காலம் அஞ்சு பன்னெண்டுக்குக் கிதீனியாவுல ரயில்" என்றேன். "நாலரைக்கு எல்லா முத்திரையும் முடிஞ்சிரும். நேரா தண்ணிக்குள்ள விட்டுர்றேன்."

சொல்லும்போது எனக்கும் நம்பிக்கை இருந்தது.

கதான்ஸ்க் அலுவலகத்தில் எங்களைத் தவிர ஒருவரும் இல்லை. இயந்திரத்தில் எண்சீட்டு எடுத்தோம். நான்கு. சுவரில் இருந்த பலகை எண்பத்தேழைக் காட்டியது. அது தொண்ணூற்றொன்பதுவரை போய்த்தான் திரும்பி ஒன்றுக்கு வரும். ஆளில்லாத எண்களையும் ஒவ்வொன்றாகக் கூப்பிட்டு, ஒவ்வொன்றுக்கும் ஒரு நிமிடம் காத்திருந்தார்கள். தேயோதோர் கையில் சீட்டோடு நிமிர்ந்து உட்கார்ந்திருந்தார்.

"நல்ல ஒழுங்கு" என்றார். "என் ஷிஃப்டுல முத்திரை இல்லாத ஒருத்தனையும் நான் கீழ இறக்கினதில்ல. இருபத்தாறு வருஷம். ஒருத்தனும் சாகல."

அவர் சொன்னது உண்மை, இடம்தான் தவறு.

பலகை மூன்றைக் காட்டியபோது சன்னல் மூடிக்கொண்டது. கண்ணாடியில் ஒரு தாள் ஒட்டப்பட்டது: 'பெயர் நாள். பதினைந்து நிமிடம்.' சன்னலில் உட்காரும் பானி போக்னாவுக்கு (பெண்களுக்குப் பானி, ஆண்களுக்குப் பான், எங்கள் ஊர் மரியாதை) அன்று பெயர் நாள், அதாவது நாள்காட்டியில் அவர் பெயர் விழும் நாள். உள்ளே தட்டுகள் சத்தம், பாலாடைக்கட்டி கேக், நூறாண்டு வாழ்க என்று பாட்டு. எங்கள் ஊரில் பெயர் நாள் கொண்டாடும் ஓர் அதிகாரியிடம் வெறுங்கையோடு போய் நிற்கிறவன் அன்று முழுக்க நின்றுகொண்டேதான் இருப்பான். தேயோதோரிடம் சொன்னேன். மனிதர் மனைவியையும் அழைத்துக்கொண்டு மூலையில் இருந்த பூக்கடைக்குப் போய் ஏழு கார்னேஷன் பூக்கள் வாங்கிவந்தார். நானும் எண்ணிப் பார்க்கவில்லை. அதுதான் அன்று நான் செய்த முதல் தவறு.

பானி போக்னா எண்ணினார். சன்னலைத் திறந்து, பூங்கொத்தை வாங்கி, சிரித்து, விரலால் ஒவ்வொன்றாகத் தொட்டு எண்ணினார். சிரிப்பு நின்றது.

"ஆறு" என்றார்.

நான் திரும்பிப் பார்த்தேன். ஏழாவது பூ கெர்த்ரூடாவின் கம்பளிச் சட்டைப் பொத்தானில் இருந்தது. வருகிற வழியில் தேயோதோர் உருவி மனைவிக்குச் செருகியிருக்கிறார். ஐம்பது வருடத்தில் இரண்டாவது தடவையாம்.

"பானி போக்னா, அது வந்து..." என்றேன்.

"ஆறு பூவு கல்லறைக்குங்க, பான் புரூனோன். இரட்டைப்படையில பூவு பொணத்துக்குத்தான் வெப்பாங்க. எனக்கு அம்பத்திரண்டு வயசுதான் ஆகுது. ரத்த அழுத்தம்கூட இல்ல."

கெர்த்ரூடா சட்டென்று தன் பூவை உருவி நீட்டினார். "இந்தாங்கம்மா, ஏழாச்சு. கோவிச்சுக்காதீங்க."

"பொணத்துக்கு வெச்சப்புறம் ஒண்ணு சேத்தா பொணம் எந்திரிச்சு உக்காந்துருமா?"

உள்ளே பாட்டு நின்றுவிட்டது. கேக் தட்டோடு நான்கு பேர் வந்து எட்டிப் பார்த்தார்கள். ஒருவர் ஆறு பூவையும் மறுபடி எண்ணி, உண்மைதான் என்று தலையசைத்தார். பானி போக்னா எங்கள் கோப்பை எடுத்து அதன் மேல் சிவப்பு மையில் எழுதினார்: 'அலுவலகத்தின்மீது நல்லெண்ணம் ஐயத்திற்குரியது. பார்வையாளர் தேவை.'

அந்தப் பார்வையாளர் பான் கோர்னெல். வாயில் இன்னும் கேக்கோடு வந்து, என் காரின் முன்சீட்டில், என் பக்கத்தில் உட்கார்ந்துகொண்டார். மடியில் ஒரு நோட்டு.

"நீங்க பாட்டுக்கு உங்க வேலயப் பாருங்க" என்றார். "நான் பெயரடை மட்டும்தான் எழுதுவேன்."

"என்ன அடை?"

"அழகிய, பழமையான, அற்புதமான... இந்த மாதிரி. நீங்க கதான்ஸ்க்குக்கு எத்தன சொல்றீங்களோ அத்தனதான் மத்த ரெண்டு ஊருக்கும் சொல்லணும். கூடுதலாச் சொன்னா பாரபட்சம். கொறச்சுச் சொன்னா அவமதிப்பு."

ஆகவே அந்த இரண்டு மணி நேரமும் நான் ஒரு தந்தி அலுவலகத்துக்காரன் போலப் பேசினேன். இது கதவு. இது கோபுரம். இது மணிக்கூண்டு, மணி அடிக்கும். நெப்டியூன் சிலைக்கு முன்னால் என்னை அறியாமல் 'கம்பீரமான' என்று சொல்லிவிட, கோர்னெல் அதைக் குறித்துக்கொண்டு, "சோப்போட்டுல ஒரு கம்பீரம் தேட வேண்டியிருக்கும் உங்களுக்கு" என்று அனுதாபத்தோடு சொன்னார்.

மோத்வாவா ஆற்றங்கரைக்கு வந்ததும் கெர்த்ரூடா நின்றார். படகுகள், நீர்ப்பறவைகள், தார் வாசனை.

"இதுவா கடலு?"

"இல்லீங்க, இது ஆறு."

"ஆறு எங்க ஊர்லயும் இருக்கே. கருப்பா."

பார்க்க வேண்டியதெல்லாம் பதினொரு நிமிடம் முன்னதாகவே முடிந்துவிட்டது. நேரம் குறையக்கூடாது என்பதால், அந்தப் பதினொரு நிமிடமும் நாங்கள் ஆற்றங்கரையில், கற்கள் மேல், எதையும் குறிப்பாகப் பார்க்காமல் நின்றோம். கோர்னெல் கைக்கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு வெளியே போகும் முத்திரை விழுந்தது.

சோப்போட்டுக்குப் போக நான் வேண்டுமென்றே கடலோரச் சாலையைப் பிடித்தேன். விதியை ஏமாற்ற எனக்குத் தெரிந்த ஒரே வழி அதுதான். மரங்களுக்கு நடுவில் ஓரிடத்தில் வெளி திறக்கும், மூன்று விநாடிக்குக் கடல் தெரியும். அந்த மூன்று விநாடியையாவது கொடுத்துவிடலாம் என்று பார்த்தேன். கோர்னெல் முட்டாள் இல்லை.

"ஐயா, அம்மா, கொஞ்சம் கண்ண மூடிக்குங்க" என்றார். "வலது பக்கம் கடைசிக் கட்டம் வருது."

தேயோதோர் உடனே தொப்பியை எடுத்து முகத்தின்மேல் கவிழ்த்துக்கொண்டார். கெர்த்ரூடா மூடவில்லை. கோர்னெல் பின்பக்கமாக எக்கி, எங்கள் கோப்பை விரித்து, அவருக்கும் சன்னலுக்கும் நடுவில் பிடித்துக்கொண்டார். மூன்று விநாடி போனது. நான் மட்டும் பார்த்தேன். தினம் பார்க்கிற கடல்தான். அன்று எரிச்சலாக இருந்தது.

"மூக்குக்கு ஏதாச்சும் விதி இருக்கா?" என்றது கோப்புக்குப் பின்னாலிருந்து கெர்த்ரூடாவின் குரல்.

கோர்னெல் விதிப்புத்தகத்தைப் புரட்டினார். நேர்மையான மனிதர். "மூக்கப் பத்தி ஒண்ணும் இல்லீங்க."

கெர்த்ரூடா சன்னல் கண்ணாடியை இறக்கி, எல்லோருக்கும் கேட்கிற மாதிரி மூச்சை இழுத்தார். "தேயோ, தொப்பிய எடு. நீயும் இழு."

"இருக்கட்டும் கெர்தா. எல்லாத்தையும் சேத்து ஒரேயடியாப் பாத்துக்கலாம்" என்றார் அவர் தொப்பிக்குள்ளிருந்து.

சோப்போட் எல்லையில் அந்த ஊர்ப் பார்வையாளர் பானி வியோலெத்தா காத்திருந்தார். கதான்ஸ்க் ஓர் ஆளை அனுப்பியிருக்கும்போது சோப்போட் அனுப்பாமல் இருந்தால் அது சமநிலை ஆகுமா என்று கேட்டுக்கொண்டே பின்சீட்டில் ஏறினார். கெர்த்ரூடா நடுவில் நெருக்கி உட்கார்ந்துகொண்டு, மடியில் இருந்த பையிலிருந்து வேகவைத்த முட்டைகளை எடுத்து எல்லோருக்கும் கொடுத்தார். எல்லோரும் வாங்கிக்கொண்டார்கள். முட்டைக்கும் விதி இல்லை.

சோப்போட்டின் பெரிய கடைத்தெரு மேட்டிலிருந்து நேராகக் கடலை நோக்கி இறங்குகிறது. ஊரைக் கட்டினவன் அதற்காகத்தான் கட்டினான். மேலிருந்து கீழே நடந்தால் கடல் தெரிந்துவிடும் என்பதால், கீழிருந்து மேலேதான் நடக்க வேண்டும் என்றார் வியோலெத்தா. எங்களைப் பின்தெரு வழியாகக் கீழே கொண்டுபோய், கடலுக்கு முதுகைக் காட்டி இறக்கிவிட்டார்கள். எங்களுக்குப் பின்னால் இருநூறு அடியில் அலைச்சத்தம் கேட்டது. குழந்தைகளின் கூச்சல் கேட்டது. நீச்சல் உடையில் ஈரம் சொட்டச் சொட்ட ஆட்கள் எங்களைத் தாண்டிப் போனார்கள். தேயோதோர் கைகளைப் பின்னால் கட்டிக்கொண்டு மேட்டைப் பார்த்து நடந்தார். கெர்த்ரூடா இரண்டு முறை திரும்பப் பார்த்தார். இரண்டு முறையும் வியோலெத்தா, "அம்மா, கழுத்து சுளுக்கிக்கும்" என்று தோளைப் பிடித்துத் திருப்பினார்.

"பெத்த மகளுக்குக்கூட நான் இவ்வளவு அடங்கினதில்ல" என்றார் கெர்த்ரூடா.

இரண்டு மணி நேரம் சோப்போட்டில் கடலைத் தவிர்த்து மற்றதைப் பார்ப்பது எப்படி என்று யாராவது என்னைக் கேட்டால், இப்போது பதில் தெரியும். ஒரு வளைந்த கட்டடம் இருக்கிறது. ஒரு தபால் நிலையம் இருக்கிறது. அதன் வாசலில் நின்று 'கம்பீரமான' என்று சொல்லிக் கடனைக் கழித்தேன்.

வெளியே போகும் முத்திரை வாங்கப் போன இடத்தில் அலுவலகத்தின் இயக்குநரே இருந்தார். டாக்டர் ஒல்கியெர்த். நல்ல உயரம், நல்ல குரல், ரொம்பத் தெளிவான மனிதர். தேயோதோரின் பதக்கத்தைப் பார்த்ததும் கையைப் பிடித்துக் குலுக்கி, எழுந்து நின்று பேச ஆரம்பித்தார்.

"உங்கள மாதிரி ஆட்களுக்காகத்தான் இந்த அலுவலகமே. முன்னாடியெல்லாம் எப்படி இருந்துச்சு தெரியுமா? யாரு வேணா வரலாம், எத வேணாப் பாக்கலாம். பிடிச்ச எடத்துல உக்காந்துக்கலாம். ஒரு குடும்பம் நாலு மணி நேரம் இதே சோப்போட் மணல்ல சும்மா உக்காந்திருந்துச்சு. நாலு மணி நேரம்! கதான்ஸ்க்க ஒரு பார்வகூடப் பாக்கல. இது நியாயமா? அந்த ஊருக்கு மனசு இல்லையா? நாங்க வந்து மூணு வருஷமாச்சு. ஒரு ஊர்லேருந்தும் பாரபட்சம்னு ஒரு புகார் இல்ல. இந்த வருஷம் இதுவரைக்கும் மொத்தமே பதினோரு பேருதான் சுற்றுலாவ முடிச்சாங்க. அந்தப் பதினோரு பேரும் மூணு ஊரையும் சமமாப் பாத்தாங்க. இத நான் சும்மா சொல்லல, கோப்பு இருக்கு. மத்தவங்க எங்கன்னு கேப்பாங்க. வேற ஊருக்குப் போயிட்டாங்க. போகட்டும்! அங்க போனா மூணு ஊருக்கும் நஷ்டம் சமம்தான?"

தேயோதோர் கைதட்டினார். மரியாதைக்குத்தான் தட்டினார் என்று நினைக்கிறேன்.

பேச்சு முடிந்ததும் இயக்குநர் கோட்டை எடுத்து மாட்டிக்கொண்டார். கிதீனியாவின் பார்வையாளர் மகப்பேறு விடுப்பில் இருப்பதால் அவரே அந்த ஊரின் சார்பில் வருவதாகச் சொன்னார். வெளியே வந்து என் காரைப் பார்த்தார். ஐந்து பேர் உட்காரும் கார். ஏற்கெனவே ஐந்து பேர்.

அவர்கள் மூவரும் நடைபாதையில் நின்று விதியைப் பார்த்தார்கள். வழிகாட்டி இல்லாமல் சுற்றுலா இல்லை. பார்வையாளர் ஒருவரை இறக்கிவிட்டால் அந்த ஊருக்கு அநீதி. பயணிகள் 'ஒருவரோ அதற்கு மேற்பட்டோரோ' இருக்கலாம் என்று இருந்தது.

"அப்ப ஒருத்தர் போதும்" என்றார் வியோலெத்தா, நிம்மதியாக.

"அம்மா புறநகர் ரயில்ல வந்துரட்டுமே" என்றார் இயக்குநர். "பதினஞ்சு நிமிஷம். கிதீனியா ஸ்டேஷன்ல சேந்துக்கலாம். கடல ரெண்டு பேரும் சேந்துதான் பாக்கணும், குழு முழுசா இருக்கணும்ல, அதுல நாங்க ரொம்பக் கண்டிப்பு."

கெர்த்ரூடா அவரைப் பார்க்கவில்லை. கணவரைப் பார்த்தார். "தேயோ. இது நம்ம பிள்ளைங்க நமக்குன்னு எடுத்துக் கொடுத்த காரு."

"தெரியும் கெர்தா."

"தனியார் சுற்றுலான்னு போட்டிருந்துச்சு. இந்த மூணு பேரும் யாரு? சம்பந்தி வீட்டு ஆளுங்களா?"

"இன்னும் ரெண்டே முத்திரைதான். இவ்வளவு தூரம் ஒழுங்கா வந்துட்டு இப்பப் போயி... ரெண்டு மணி நேரம் பொறுத்துக்க. அப்புறம் கடலுதான்."

"சீட்டத் திருப்பிக் கொடுத்துட்டு வந்து நின்னியே, அன்னைக்கும் இதே மாதிரிதான் சொன்ன. கொஞ்சம் பொறுத்துக்கன்னு."

தேயோதோரின் கையில் கோப்பு இருந்தது. அதை இறுக்கிப் பிடித்துக்கொண்டு நின்றார். நான் குறுக்கே பேசியிருக்கலாம். மூன்று பேரையும் நடைபாதையில் விட்டுவிட்டு அந்த இருவரையும் ஏற்றிக்கொண்டு இறக்கத்தில் இரண்டு நிமிடம் ஓட்டியிருந்தால் போதும், தண்ணீர் வந்திருக்கும். எனக்கு உரிமத்தின் நினைப்பு. வீட்டுக் கடன், மகளின் படிப்பு என்று மனத்துக்குள் ஒரு பட்டியல் போட்டுக்கொண்டு சாவியைத் திருகினேன். வெட்கமாக இருந்தது. அதோடு சரி.

கெர்த்ரூடா பையைத் தோளில் மாட்டிக்கொண்டு நடைபாதையில் நின்றார். சாலைத் திருப்பம்வரை கண்ணாடியில் தெரிந்தார்.

கிதீனியாவில் எனக்குப் பெரிய சங்கடம் ஒன்று இருக்கிறது. ஆயிரம் வருடத்துக் கதான்ஸ்க்குக்கும் இரண்டு மணி நேரம், நூறு வருடத்துக் கிதீனியாவுக்கும் இரண்டு மணி நேரம். காலையில் ஒரு நிமிடத்தில் எட்டு வருடத்தைத் தாண்டியிருந்தேன். இங்கே ஒரு வருடத்துக்கே ஒரு நிமிடத்துக்கு மேல் பேச வேண்டும். இயக்குநர் பக்கத்தில் இருந்ததால் எதையும் விட்டுவிட முடியவில்லை. 1931-ஆம் வருடம் மார்ச் மாதம் மழை பெய்தது என்றேன். ஏப்ரலில் நின்றது என்றேன். "எந்தத் தேதி?" என்றார் இயக்குநர். துறைமுகப் பக்கம் கப்பல்களின் பாய்மரங்கள் கூரைகளுக்கு மேல் தெரிந்தன. தேயோதோரை ஒரு வங்கிக் கட்டடத்தைப் பார்த்து நிற்க வைத்திருந்தார்கள். அவர் அதையே பார்த்துக்கொண்டிருந்தார். நடுவில் ஒருமுறை மட்டும், "கெர்தா இந்நேரம் ஸ்டேஷன்ல உக்காந்திருப்பா, வெயில்ல" என்றார்.

நான்கு முப்பத்தொன்றுக்கு ஆறாவது முத்திரை விழுந்தது. இயக்குநர் தேயோதோரின் தோளில் தட்டினார். "இனி கடல்தான். மூணு ஊர்க் கணக்குலயும் சமமாப் பாக்கணும். நேராப் பாக்கறது சோப்போட், வலது பக்கம் பாத்தா கதான்ஸ்க், இடது பக்கம் எங்களுக்கு. ஒவ்வொண்ணுக்கும் ஆறு நிமிஷம் நாப்பது விநாடி. அம்மாவக் கூட்டிட்டு வந்துருவோம்."

தேயோதோர் முதன்முறையாகச் சிரித்தார். முழங்கால்வரை மடிக்க வசதியாக இருக்கும் என்று, பழைய தொளதொளப்பான காற்சட்டையைப் போட்டுக்கொண்டு வந்ததாகச் சொன்னார்.

கிதீனியா நிலையத்தில் கெர்த்ரூடா இல்லை.

இருவருக்கும் இருந்த ஒரே கைப்பேசி தேயோதோரின் சட்டைப்பையிலேயே இருந்தது. காத்திருந்தோம். நாலே முக்கால். சோப்போட் பக்கமிருந்து ஒரு ரயில் வந்தது, அதில் இல்லை. நான் இயக்குநரிடம், அவரை மட்டுமாவது கூட்டிக்கொண்டு ஓடிப்போய்க் காட்டிவிட்டு வருகிறேன், தண்ணீர் பத்து நிமிட நடைதான் என்றேன். "பாதிக் குழுவா?" என்றார் இயக்குநர், நான் கோயிலில் செருப்போடு நுழைந்துவிட்ட மாதிரி. நான் தேயோதோரைப் பார்த்தேன். "அவ இல்லாம நான் எப்படித் தம்பி பாக்கறது?" என்றார். அன்று நாள் முழுக்க அவரும் விதியும் சொன்னது ஒரே விஷயம்தான், ஆனால் இந்த முறை ஒரே காரணத்துக்காக இல்லை.

ஐந்து மணி. அவர்களுடைய நீண்ட தூர ரயில் நடைமேடைக்கு வந்து நின்றுவிட்டது. ஐந்து மூன்றுக்கு எதிர் நடைமேடையில் ஒரு புறநகர் ரயில் வந்தது. கெர்த்ரூடா இறங்கினார். காலில் செருப்பு இல்லை. ஷூக்கள் கையில் இருந்தன. பாவாடை இடுப்புவரை நனைந்து காலோடு ஒட்டியிருந்தது. கணுக்காலில் மணல்.

"எங்க போயிருந்தீங்க?" என்று நான்கு பேரும் ஒரே நேரத்தில் கேட்டோம். தேயோதோர் மட்டும் கேட்கவில்லை.

"ஸ்டேஷனுக்குப் போற வழி மேட்டுல ஏறுது" என்றார் கெர்த்ரூடா. "எனக்கு முட்டி வலி. எறக்கத்துல எறங்கிட்டேன்."

கோர்னெல் நோட்டைத் திறந்து, எதை எழுதுவது என்று தெரியாமல் மூடிவிட்டார். வியோலெத்தாதான் முதலில் சுதாரித்தார். "எத்தன நிமிஷம் பாத்தீங்க? எந்தப் பக்கம் பாத்து நின்னீங்க?"

"ரெண்டு மணி நேரம் நின்னேன். திரும்பித் திரும்பி ரோட்டத்தான் பாத்தேன், வருவீங்கன்னு."

இயக்குநர் கைகளை விரித்தார். ஒருவர் ஏற்கெனவே பார்த்துவிட்டதால் இனி இதைக் கூட்டுப் பார்வையாகப் பதிய முடியாது என்றும், இருந்தாலும் தான் ஏதாவது ஒரு வழி பார்ப்பதாகவும், இதுவரை எந்தச் சுற்றுலாவும் குறையாக முடிந்ததாகக் கோப்பில் இல்லை என்றும் சொன்னார். அவர் பேசுவதை யாரும் கேட்கவில்லை. ஒலிபெருக்கியில் ரயில் புறப்படும் அறிவிப்பு வந்தது.

"எப்படி இருந்துச்சு கெர்தா?" என்றார் தேயோதோர்.

"பெருசா இருந்துச்சு." ஷூக்களைக் கை மாற்றிக்கொண்டார். "பக்கத்துலதான் யாரும் இல்ல."

தேயோதோர் மெல்லக் குனிந்தார். முட்டி மடங்க நேரம் பிடித்தது. மனைவியின் பாவாடை ஓரத்தை இரண்டு விரலால் பிழிந்து, விரலை நாக்கில் வைத்துப் பார்த்தார்.

"உப்பே காணோமே" என்றார்.

"நம்ம கடல்ல அவ்வளவுதான் இருக்கும்" என்றேன் நான். பதினேழு வருட அனுபவத்தில் அந்த நாளில் நான் சொன்ன ஒரே உபயோகமான தகவல்.

இருவரும் ஏறினார்கள், ரயில் போய்விட்டது. மூன்று பார்வையாளர்களையும் அவரவர் ஊரில் நான்தான் இறக்கிவிட வேண்டியிருந்தது. வழியில், முட்டை இன்னும் இருக்கிறதா என்று கோர்னெல் கேட்டார்.

மூன்று வாரம் கழித்து அலுவலகத்திலிருந்து நகல் வந்தது. தேயோதோர் அவர்களுக்குச் சான்றிதழ்: மேற்படியார் கடலை மூன்று நகரங்களின் சார்பிலும் தலா ஆறு நிமிடம் நாற்பது விநாடி, சமமாகப் பார்த்து மகிழ்ந்தார். இந்த வருடம் சுற்றுலாவை வெற்றிகரமாக முடித்த பன்னிரண்டாவது நபர். கீழே இயக்குநரின் கையெழுத்து. இரண்டாவது தாள் கெர்த்ரூடா அவர்களுக்கு: மேற்படியார் பாதியில் விலகியதால் கடலைப் பார்த்தவராகக் கருத இயலாது, விலகியதற்கான காரணத்தைப் பதினான்கு நாளுக்குள் எழுத்துப்பூர்வமாகத் தெரிவிக்கவும். எனக்கும் ஒரு வரி இருந்தது. கிதீனியாவுக்கு இரண்டு பெயரடை குறைவு.

ஆகஸ்டில் ஒரு நாள் காலை ஒரு பயணிக்காகக் கதான்ஸ்க் அலுவலகத்தில் எண்சீட்டோடு உட்கார்ந்திருந்தேன். என் கைப்பேசி அடித்தது. தேயோதோர். பின்னால் ரயில் நிலையத்து இரைச்சல்.

"பான் புரூனோன், தொந்தரவுக்கு மன்னிக்கணும். நாங்க திரும்ப வர்றோம். உங்களுக்குச் சிரமம் வேணாம், காரு வேணாம். கெர்தாவுக்கு எடம் தெரியுமே, அவளே கூட்டிட்டுப் போறா."

"ரொம்ப நல்லதுங்க" என்றேன். மனதார.

"ஒரு சந்தேகம். அவ பாத்திருக்கா, நான் பாக்கல. அவ எனக்குக் காட்டப் போறா. அப்ப அது வழிகாட்டல் கணக்குல வருமா? அவளுக்கு உரிமம் எடுக்கணுமா? எடுக்கணும்னா சொல்லுங்க, இன்னைக்கு டிக்கெட்ட மாத்திட்டு, எழுதிப் போட்டு வாங்கிட்டு அடுத்த வருஷம்..."

விதிப்புத்தகம் என் மடியில்தான் இருந்தது. பார்த்த ஒருவர் பார்க்காத ஒருவருக்குக் காட்டுவது வழிகாட்டல் எனப்படும். உறவுமுறை இதற்கு விலக்கல்ல. நான்காம் பக்கம். சன்னலுக்குப் பின்னால் பானி போக்னா என்னையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"வேணாங்க" என்றேன், கொஞ்சம் உரக்கவே. "அப்படி ஒரு விதியே இல்ல."

"நிச்சயமாத்தான சொல்றீங்க? எழுத்துல..."

அந்தப் பக்கம் தொலைபேசியை யாரோ பிடுங்கினார்கள். "தம்பி, இந்த மனுஷன் படியில ஒரு கால வெச்சுக்கிட்டு உங்ககிட்டப் பேசிட்டிருக்காரு" என்றார் கெர்த்ரூடா. "ரயில் நகருது. வெச்சிருங்க."